இந்தோனேசியா: ஒரு விடுதலை, இரண்டு தேதிகள் – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஐரோப்பியப் பேரரசுகள் எப்படி முடிந்தன என்ற பேச்சு நம்மிடையே பெரும்பாலும் 1947இல் தொடங்கி 1947இலேயே முடிந்துவிடுகிறது. வங்கக்கடலுக்கு அப்பால், சுமத்ராவில் தொடங்கி பாப்புவா வரை நீளும் தீவுகளில் அதே ஆண்டுகளில் என்ன நடந்தது என்று அதிகம் பேசுவதில்லை. அங்கே ஆண்டுகொண்டிருந்த டச்சுக்காரர்கள், அதாவது நெதர்லாந்து நாட்டவர், நாலு வருடச் சண்டைக்குப் பிறகுதான் வெளியேறினார்கள். அந்தச் சண்டையில் இந்தியச் சிப்பாய்களுக்குப் பங்கு உண்டு, சுதந்திர இந்தியாவின் அரசுக்கும் பங்கு உண்டு, இரண்டும் எதிரெதிர்ப் பக்கத்தில். இதைப் பற்றிப் பேசும்போதெல்லாம் திரும்பத் திரும்ப வரும் கேள்விகளும் என் பதில்களும் இங்கே.

இந்தோனேசியா விடுதலை பெற்றது 1945இலா, 1949இலா?

இந்தோனேசியர்களைக் கேட்டால் 1945 ஆகஸ்ட் 17. டச்சு அரசு பல பத்தாண்டுகளாகச் சொல்லிவந்தது 1949 டிசம்பர் 27. முதல் தேதியில் தேசிய இயக்கத் தலைவர்கள் சுகர்ணோவும் ஹட்டாவும் ஜகார்த்தாவில் விடுதலையை அறிவித்தார்கள். இரண்டாவது தேதியில் ஆம்ஸ்டர்டாம் அரண்மனையில் ராணி யூலியானா ஆட்சியுரிமையை ஒப்படைக்கும் பத்திரத்தில் கையெழுத்திட்டார்.

தேதிதானே என்று விட்டுவிட முடியாது. 1949தான் சரி என்றால், இடைப்பட்ட காலத்தில் டச்சுப் படை தன் சொந்த நிலத்தில் கலவரத்தை அடக்கியது என்றாகிறது. 1945 சரி என்றால், அது இன்னொரு நாட்டின் மீது நடந்த படையெடுப்பு. சுட்டுக் கொல்லப்பட்டவர்கள் கலகக்காரர்களா, ஒரு நாட்டின் குடிமக்களா என்பதே அந்தத் தேதியை வைத்துத்தான் முடிவாகிறது.

என்னைக் கேட்டால் 1945. அறிவிப்புக்கு மறுநாளே அரசியல் சட்டம் ஏற்கப்பட்டது. சில வாரங்களில் அமைச்சரவை வந்தது, படை வந்தது. ரயில்வே, வானொலி, தபால் எல்லாவற்றையும் இந்தோனேசிய ஊழியர்களே கையில் எடுத்து நடத்தினார்கள். 1946 அக்டோபரில் குடியரசு தன் சொந்த ரூபியா நோட்டை வெளியிட்டது. அரசு என்று சொல்ல இதற்கு மேல் என்ன வேண்டும்?

டச்சுக்காரர்கள் 350 ஆண்டுகள் ஆண்டார்கள் என்கிறார்களே?

இரண்டு தரப்பும் இதைச் சொல்கின்றன. ஒரு தரப்பு பெருமைக்கு, இன்னொன்று வேதனைக்கு. ஆனால் முழு உண்மை அல்ல. டச்சுக் கிழக்கிந்தியக் கம்பெனி 1602இல் தொடங்கியது. 1619இல் பட்டாவியாவைப் பிடித்தது, அதுதான் இன்றைய ஜகார்த்தா. வெகு காலம் அவர்கள் கையில் இருந்தவை துறைமுகங்களும் மசாலாத் தீவுகளும் ஜாவாவின் பகுதிகளும் மட்டுமே. கம்பெனி கடனில் மூழ்கி 1799இல் கலைந்த பிறகு டச்சு அரசே பொறுப்பேற்றது. ஆச்சேயோடு 1873இல் தொடங்கிய போர் முப்பது ஆண்டுகளுக்கு மேல் இழுத்தது. தெற்குப் பாலியின் அரசுகள் 1906இலும் 1908இலும்தான் வீழ்ந்தன. அரச குடும்பங்கள் பெண்களோடும் பிள்ளைகளோடும் டச்சுத் துப்பாக்கிகளுக்கு நேராக நடந்து போய் மடிந்தன. அதாவது, 1945இல் எழுபது வயதான ஒரு பாலிக்காரருக்கு டச்சு ஆட்சி இல்லாத காலம் நன்றாகவே நினைவிருந்திருக்கும்.

ஆட்சி முழுமையாக இருந்த ஜாவாவில் அது எப்படி இருந்தது? 1830இலிருந்து சில பத்தாண்டுகளுக்குக் கிராமங்கள் தங்கள் நிலத்தில் ஐந்தில் ஒரு பங்கை ஏற்றுமதிப் பயிருக்கு ஒதுக்க வேண்டும் என்று விதி. காப்பி, கரும்பு, அவுரி. நடைமுறையில் அதைவிட அதிகமாகவே பிடுங்கிக்கொண்டார்கள். அந்த லாபத்தில் நெதர்லாந்து தன் கடனை அடைத்தது, ரயில் பாதை போட்டது. நூறு ஆண்டுகள் கழித்து, 1930இல், தீவுகளின் மக்கள் தொகை சுமார் 6 கோடி. உள்நாட்டு மக்களில் எழுதப் படிக்கத் தெரிந்தவர்கள் நூற்றுக்கு ஆறேழு பேர்.

உலகப் போர் வராவிட்டால் விடுதலை கிடைத்திருக்குமா?

இயக்கம் போருக்கு வெகு முன்பே இருந்தது. சுகர்ணோவின் தேசியக் கட்சி 1927இல் பாண்டுங்கில் தொடங்கியது. 1928 அக்டோபரில் பல தீவுகளின் இளைஞர்கள் கூடி ஒரே தாயகம், ஒரே தேசம், ஒரே மொழி என்று உறுதி எடுத்தார்கள். மிக அதிகம் பேரின் தாய்மொழியான ஜாவானிய மொழியை விட்டுவிட்டு, துறைமுகச் சந்தைகளில் எல்லோருக்கும் பொதுவாயிருந்த மலாயைத் தேர்ந்தெடுத்தார்கள். ஜாவாக்காரர்கள் அதை ஏற்றுக்கொண்டது எனக்கு இன்றும் வியப்பு. டச்சு அரசு தலைவர்களை ஒவ்வொருவராக நாடுகடத்தியது. சுகர்ணோ ஃபுளோரஸ் தீவுக்கு, பிறகு பெங்குலுவுக்கு. ஹட்டாவும் ஷாரிரும் பாப்புவாக் காட்டில் இருந்த போவன் டிகூல் முகாமுக்கு, அப்புறம் பண்டா தீவுக்கு.

போர் செய்தது வேறு. 1942 ஜனவரியில் ஜப்பான் இறங்கியது, மார்ச் 8, 9 தேதிகளில் டச்சுப் படை சரணடைந்தது. இரண்டு மாதம் கூடத் தாக்குப்பிடிக்காத அரசு எங்களை எப்படி ஆள முடியும் என்ற கேள்வி எல்லோர் மனதிலும் எழுந்தது. டச்சுக் குடும்பங்கள் முள்வேலி முகாம்களுக்குள் போயின. அவர்கள் உட்கார்ந்திருந்த நாற்காலிகளில் இந்தோனேசியர்கள் உட்கார்ந்தார்கள். டச்சு மொழி தடை செய்யப்பட்டு இந்தோனேசிய மொழி அலுவலகத்துக்குள் வந்தது. ஜப்பான்காரர்கள் தங்கள் தேவைக்காக ஆயிரக்கணக்கான இளைஞர்களுக்கு ஆயுதப் பயிற்சியும் கொடுத்தார்கள்.

இதைச் சொல்லும்போதே மற்றதையும் சொல்ல வேண்டும். கட்டாய வேலைக்கு லட்சக்கணக்கான ஜாவா விவசாயிகளைப் பிடித்துப் போனார்கள், பர்மா ரயில் பாதை வரைக்கும். பலர் திரும்பவே இல்லை. நெல்லை அள்ளிப் போனதால் 1944, 1945இல் ஜாவாவில் பெரும் பஞ்சம் வந்தது. ஜப்பானிய ஆட்சியை யாரும் விடுதலை என்று அழைக்க வேண்டியதில்லை.

அப்படியானால் சுதந்திரம் ஜப்பான் கொடுத்த பரிசு என்று டச்சுக்காரர்கள் சொன்னது பொய்யா?

ஆம். ஆனால் அந்தக் குற்றச்சாட்டுக்கு ஒரு காரணம் இருந்தது. தோற்கும் தறுவாயில் ஜப்பான் சுதந்திரம் தருவதாக வாக்களித்திருந்தது. 1945 ஆகஸ்டில் சுகர்ணோவையும் ஹட்டாவையும் வியட்நாமின் தலாத் நகருக்கு அழைத்து ஜப்பானியத் தளபதி அதை உறுதிப்படுத்தினார். சில நாட்களில் ஜப்பானே சரணடைந்துவிட்டது.

அடுத்து நடந்ததுதான் முக்கியம். ஜப்பான் கொடுத்ததாக இருக்கக்கூடாது, நாமே அறிவிக்க வேண்டும் என்று இளைஞர்கள் கொதித்தார்கள். பெரியவர்கள் தயங்கினார்கள், ஊரெங்கும் ஜப்பானியப் படை ஆயுதத்தோடு நின்றதே. ஆகஸ்ட் 16 விடியற்காலையில் இளைஞர்கள் சுகர்ணோவையும் ஹட்டாவையும் ரெங்காஸ்டெங்க்ளோக் என்ற ஊருக்குத் தூக்கிக்கொண்டே போய்விட்டார்கள். அன்றிரவு ஜகார்த்தாவுக்குத் திரும்பி, ஜப்பானியக் கடற்படை அதிகாரி மயெதாவின் வீட்டில் உட்கார்ந்து அறிவிப்பை எழுதினார்கள். மறுநாள் காலை பத்து மணிக்கு, பெகாங்சாஆன் திமூர் 56ஆம் எண் வீட்டின் முன்னால் சுகர்ணோ அதைப் படித்தார். காய்ச்சலோடு இருந்தார். இரண்டே வாக்கியங்கள். சுகர்ணோவின் மனைவி ஃபத்மாவதி தைத்த சிவப்பு வெள்ளைக் கொடி மூங்கில் கம்பத்தில் ஏறியது.

பரிசாக வாங்கியவர்கள் இத்தனை அவசரப்பட்டிருக்க மாட்டார்கள்.

ஜெர்மனியிடம் ஐந்து வருடம் அடிமைப்பட்டுக் கிடந்த நாடு, எழுந்ததும் இன்னொரு நாட்டைப் பிடிக்க எப்படிப் போனது?

இந்தக் கேள்வி என்னையும் வெகு நாளாக உறுத்தியது. 1940 மே முதல் 1945 மே வரை நெதர்லாந்து ஜெர்மனியின் காலடியில் இருந்தது. கடைசிக் குளிர்காலத்தில் மேற்கு நகரங்களில் பசியால் சுமார் 20,000 பேர் இறந்தார்கள். நாஜிகளை எதிர்த்து மறைந்து வாழ்ந்த இளைஞர்களில் சிலரே அடுத்த வருடம் ஜாவாவுக்குக் கப்பலேறினார்கள்.

அவர்களில் பலர் விடுவிக்கப் போவதாக உண்மையிலேயே நம்பினார்கள். சுகர்ணோ ஜப்பானின் கைக்கூலி, அதாவது நாஜிகளின் கூட்டாளி என்று அவர்களுக்குச் சொல்லப்பட்டிருந்தது. ராணி வில்ஹெல்மினா 1942 டிசம்பரில் லண்டன் வானொலியில் போருக்குப் பின் புதிய ஏற்பாடு வரும் என்று பேசியிருந்தார், ஆனால் அதில் தீவுகள் டச்சு மணிமுடியின் கீழேயே இருந்தன, பிரிந்துபோகும் உரிமை இல்லை.

அப்புறம் பணம். போருக்கு முன் டச்சு தேசிய வருமானத்தில் சுமார் 14 சதவீதம் இந்தத் தீவுகளிலிருந்து வந்ததாக அந்நாட்டுப் பொருளாதார அறிஞர்களே கணக்கிட்டிருந்தார்கள். ரப்பர், ஈயம், பெட்ரோலியம், சர்க்கரை. மலேரியா மருந்தான கொய்னாவில் உலகத்தின் பெரும்பகுதி ஜாவாவிலிருந்துதான் போனது. குண்டுவீச்சில் நொறுங்கிக் கிடந்த நாட்டில், "இந்தீஸ் (இந்தத் தீவுகளுக்கு டச்சுக்காரர்கள் வைத்த பெயர்) போனால் நாசம்தான்" என்பது எல்லோர் வாயிலும் இருந்த முழக்கம். அது தவறான கணக்கு என்று பத்தே வருடத்தில் தெரிந்தது. தீவுகள் போன பிறகு, 1950களில், நெதர்லாந்து முன்னெப்போதும் இல்லாத வேகத்தில் வளர்ந்தது.

போக மறுத்தவர்களும் உண்டு. கட்டாயப் படைச்சேவைக்கு அழைக்கப்பட்ட ஆயிரக்கணக்கான டச்சு இளைஞர்கள் கப்பலேறாமல் ஒளிந்தார்கள், பலர் சிறைக்குப் போனார்கள். அவர்களைப் பற்றி இன்னும் அதிகம் பேசப்பட வேண்டும்.

சுரபாயாவில் இந்தியச் சிப்பாய்கள் ஏன் சண்டையிட்டார்கள்?

ஜப்பான் சரணடைந்தபோது டச்சுக்காரர்களிடம் அனுப்பப் படையில்லை. மவுண்ட்பேட்டனின் தென்கிழக்காசியக் கட்டளைக்குத்தான் அந்தப் பொறுப்பு வந்தது: ஜப்பானியப் படையின் ஆயுதங்களைக் களைவது, முகாம்களில் இருந்த ஐரோப்பியக் கைதிகளை மீட்பது. அதற்கு அனுப்பப்பட்ட பிரிட்டிஷ் படையில் பெரும்பாலோர் இந்தியச் சிப்பாய்கள்.

1945 அக்டோபர் 25 அன்று பிரிகேடியர் மல்லபியின் 49ஆம் இந்தியப் பிரிகேடு சுரபாயாவில் இறங்கியது, மராத்தா, ராஜ்புத்தானா ரெஜிமெண்ட் ஆட்கள். மல்லபி உள்ளூர்த் தலைவர்களோடு பேசி ஒரு ஏற்பாட்டுக்கு வந்தார். மறுநாளே ஜகார்த்தாவிலிருந்து வந்த விமானம், 48 மணி நேரத்தில் ஆயுதங்களை ஒப்படைக்காவிட்டால் சுடுவோம் என்று துண்டுப்பிரசுரம் வீசியது. ஊர் கொதித்தது. நகரம் முழுக்கச் சிறு சிறு குழுக்களாகப் பிரிந்து நின்ற சிப்பாய்களை ஆயிரக்கணக்கானோர் சூழ்ந்து தாக்கினார்கள். சுகர்ணோ விமானத்தில் வந்து சண்டையை நிறுத்த வேண்டியதாயிற்று. அக்டோபர் 30 மாலை அந்தச் சண்டை நிறுத்தத்தை நேரில் போய்ச் சொல்லிக்கொண்டிருந்தபோதே மல்லபி கொல்லப்பட்டார்.

நவம்பர் 9 அன்று இறுதி எச்சரிக்கை. ஆளுநர் சூர்யோ வானொலியில் மறுத்துவிட்டார். பூங் டோமோ என்ற இளைஞரின் குரல் வானொலியில் இரவு பகலாக முழங்கியது. நவம்பர் 10 காலை ஐந்தாவது இந்திய டிவிஷன் நகருக்குள் நுழைந்தது. போர்க்கப்பல்கள் கடலிலிருந்து சுட்டன, விமானங்கள் குண்டு வீசின. மூன்று வாரம் தெருத்தெருவாகச் சண்டை. இந்தோனேசியத் தரப்பில் ஆயிரக்கணக்கானோர் மடிந்தார்கள். அந்த நாள்தான் இன்றும் அங்கே வீரர்கள் தினம்.

தன் நாட்டு விடுதலைக்கு இரண்டு வருடம் கூட இல்லாத நேரத்தில், இன்னொரு அடிமை நாட்டு மக்களைச் சுட அனுப்பப்பட்ட சிப்பாயின் நிலை கொடுமையானது. நேரு இந்தியப் படையை அங்கே பயன்படுத்துவதைக் கடுமையாகக் கண்டித்தார். சில நூறு இந்தியச் சிப்பாய்கள், பெரும்பாலும் முஸ்லிம்கள், படையை விட்டு ஓடி குடியரசின் பக்கம் சேர்ந்தார்கள். எஞ்சியவர்கள் உத்தரவுப்படி சுட்டார்கள், செத்தார்கள். அவர்களுக்கு நம் ஊரில் ஒரு நினைவும் இல்லை, அவர்கள் சுட்டவர்களுக்குத்தான் அங்கே நினைவுச்சின்னம். இரண்டையும் நாம் தெரிந்துவைத்திருக்க வேண்டும்.

இந்தோனேசியத் தரப்பில் யாரும் குற்றம் செய்யவில்லையா?

செய்தார்கள். 1945 கடைசி மாதங்களிலும் 1946 தொடக்கத்திலும் ஆயுதக் குழுக்கள் டச்சுக்காரர்களையும், டச்சு–இந்தோனேசியக் கலப்புக் குடும்பங்களையும், சீனர்களையும், டச்சுப் படையோடு தொடர்புள்ள அம்போன் தீவுக்காரர்களையும் கொன்றார்கள். பெண்களும் குழந்தைகளும் தப்பவில்லை. இறந்தவர்கள் பல ஆயிரம். கிழக்குச் சுமத்ராவில் 1946 மார்ச்சில் மலாய் அரச குடும்பங்கள் தாக்கப்பட்டன. கவிஞர் அமீர் ஹம்சாவும் அதில் கொல்லப்பட்டார், இந்தோனேசிய மொழியில் கவிதையை வளர்த்த மனிதர் அவர். விடுதலையின் நியாயம் இந்தக் கொலைகளை நியாயமாக்காது.

'போலீஸ் நடவடிக்கை' என்றால் என்ன?

டச்சு அரசு தன் இரண்டு பெரிய படையெடுப்புகளுக்கு வைத்த பெயர். உள்நாட்டு விவகாரம் என்று உலகத்துக்குக் காட்ட அந்தப் பெயர் தேவைப்பட்டது.

1947 மார்ச்சில் லிங்கஜாத்தி ஒப்பந்தம் கையெழுத்தானது. ஜாவா, மதுரா, சுமத்ரா தீவுகளில் குடியரசின் ஆட்சி நடைமுறையில் இருப்பதை டச்சுக்காரர்கள் அதில் ஒப்புக்கொண்டார்கள். நாலே மாதத்தில், ஜூலை 21 அன்று, ஒரு லட்சம் பேர் கொண்ட படையோடு பாய்ந்தார்கள். தோட்டங்கள், எண்ணெய்க் கிணறுகள், துறைமுகங்கள் இருந்த பகுதிகளைப் பிடித்தார்கள். அந்த நடவடிக்கையின் ரகசியப் பெயரே 'விளைபொருள்'. ஐ.நா. தலையிட்டது. 1948 ஜனவரியில் ரென்வில் என்ற அமெரிக்கப் போர்க்கப்பலில் இன்னொரு ஒப்பந்தம். குடியரசுக்கு மிச்சமானது ஜாவாவின் நடுப்பகுதியும் மேற்கு ஓரமும் சுமத்ராவின் உள்பகுதிகளும்.

இரண்டாவது பாய்ச்சல் 1948 டிசம்பர் 19. குடியரசின் தலைநகரான யோக்யகர்த்தாவில் பாராசூட் படை இறங்கியது. சுகர்ணோ, ஹட்டா, ஷாரிர் எல்லோரும் கைது. கதை முடிந்தது என்று டச்சுத் தளபதிகள் நினைத்தார்கள்.

தலைவர்கள் எல்லாம் கைதான பிறகு எப்படி ஜெயித்தார்கள்?

அரசு சுமத்ராவின் காட்டுக்குள் போயிற்று. ஷாஃப்ருதீன் பிரவிரநகரா மேற்குச் சுமத்ராவில் அவசரகால அரசை அமைத்தார். படைத்தளபதி சுதிர்மானுக்குக் காசநோய், ஒரு நுரையீரல்தான் வேலை செய்தது. அவரைப் பல்லக்கில் தூக்கிக்கொண்டு மலைகளில் மாதக்கணக்காக அலைந்தார்கள், அவர் பல்லக்கிலிருந்தே போரை நடத்தினார். வயது 33. 1949இல் ஆட்சி கைமாறிய பின் ஒரு மாதம்தான் உயிரோடிருந்தார். யோக்யகர்த்தாவின் சுல்தான் ஒன்பதாம் ஹமெங்குபுவோனோ டச்சுக்காரர்கள் நீட்டிய பதவிகளை ஏற்க மறுத்து அரண்மனைக்குள்ளிருந்தே குடியரசுக்கு உதவினார். 1949 மார்ச் 1 அன்று கெரில்லாப் படை யோக்யகர்த்தாவுக்குள் நுழைந்து ஆறு மணி நேரம் நகரைப் பிடித்து வைத்தது. ராணுவக் கணக்கில் சிறிய வெற்றி. ஆனால் குடியரசு செத்துவிட்டது என்று நியூயார்க்கில், ஐ.நா.வில், சொல்லிக்கொண்டிருந்தவர்களின் வாய் அடைத்துப் போனது.

நகரங்கள் டச்சுக்காரர் கையில், சாலைகளும் கிராமங்களும் இரவில் கெரில்லாக்கள் கையில். மாதத்துக்கு மாதம் டச்சுத் தரப்பில் சாவு கூடியது. மொத்தத்தில் டச்சுப் படையில் சுமார் 5,000 பேரும் இந்தோனேசியர்களில் சுமார் ஒரு லட்சம் பேரும் இறந்திருப்பார்கள் என்பது பொதுவாகச் சொல்லப்படும் கணக்கு.

இந்தியா என்ன செய்தது?

இந்தப் பகுதியைச் சொல்லும்போது எனக்குப் பெருமையாகவே இருக்கிறது. 1946இல், வங்கப் பஞ்சத்தின் வடு ஆறாத இந்தியாவுக்கு ஐந்து லட்சம் டன் அரிசி தருவதாக இந்தோனேசியப் பிரதமர் ஷாரிர் முன்வந்தார், பதிலுக்குத் துணி கேட்டார். டச்சுக் கடற்படை முற்றுகையிட்டிருந்த ஒரு ஏழைக் குடியரசு அது. முழு அளவும் வந்து சேரவில்லை என்றாலும் அந்தக் கை நீட்டல் மறக்கப்படவில்லை.

1947 ஜூலையில் டச்சுப் படை பாய்ந்ததும் ஒடிசாவின் பிஜு பட்நாயக் தன் டக்கோட்டா விமானத்தை ஜாவாவுக்கு ஓட்டிப் போய் ஷாரிரை வெளியே கொண்டுவந்தார். அதே மாதக் கடைசியில் அவருடைய நிறுவனத்தின் இன்னொரு விமானம், சிங்கப்பூரிலிருந்து செஞ்சிலுவை மருந்துகளோடு யோக்யகர்த்தாவை நெருங்கும்போது டச்சுப் போர்விமானங்களால் சுட்டு வீழ்த்தப்பட்டது. ஐ.நா. பாதுகாப்புச் சபைக்கு விவகாரத்தைக் கொண்டுபோனவை இந்தியாவும் ஆஸ்திரேலியாவும். ஆஸ்திரேலியத் துறைமுகத் தொழிலாளர்கள் 1945லேயே டச்சுக் கப்பல்களில் சரக்கேற்ற மறுத்திருந்தார்கள், அங்கிருந்த இந்தியக் கப்பல் தொழிலாளர்களும் அவர்களோடு நின்றார்கள்.

1948 டிசம்பரில் இந்தியா, இலங்கை, பாகிஸ்தான், பர்மா நாடுகள் டச்சு விமானங்களுக்கு வானத்தை மூடின. 1949 ஜனவரியில் நேரு தில்லியில் ஆசிய நாடுகளைக் கூட்டினார், அரபு நாடுகளும் எத்தியோப்பியாவும் ஆஸ்திரேலியாவும் வந்தன. 1950 ஜனவரி 1க்குள் ஆட்சியை ஒப்படைக்க வேண்டும் என்று மாநாடு கேட்டது. ஐ.நா. அதைவிடத் தாராளமாக அந்த ஆண்டு ஜூலை வரை அவகாசம் தந்தது. கடைசியில் ஒப்படைப்பு நடந்தது தில்லி சொன்ன கெடுவுக்குள்தான். 1950 ஜனவரி 26, இந்தியாவின் முதல் குடியரசு நாளுக்குத் தலைமை விருந்தினர் சுகர்ணோ.

அமெரிக்காதான் டச்சுக்காரர்களை வெளியேற்றியது என்பது சரியா?

பாதி சரி. முதல் மூன்று ஆண்டுகள் அமெரிக்கா பெரும்பாலும் நெதர்லாந்தின் பக்கம்தான் சாய்ந்து நின்றது. 1948 செப்டம்பரில் மடியூன் நகரில் கம்யூனிஸ்ட் கிளர்ச்சியைக் குடியரசே அடக்கியதும் வாஷிங்டனின் பார்வை மாறியது. டிசம்பர் தாக்குதலுக்குப் பின், போரில் சிதைந்த ஐரோப்பாவை மீட்க அமெரிக்கா கொடுத்துவந்த மார்ஷல் உதவியில் தீவுகளுக்கென்று ஒதுக்கியதை நிறுத்தியது. நெதர்லாந்துக்கான உதவியையே நிறுத்த வேண்டும் என்று செனட்டில் குரல் எழுந்தது. அதுதான் ஹேக் நகரில் இருந்த டச்சு அரசை அசைத்தது. ஆனால் கெரில்லாக்கள் தோற்றுப்போயிருந்தால் அமெரிக்காவுக்கு மனம் மாறக் காரணமே இருந்திருக்காது. வரிசையை மாற்றிச் சொல்லக்கூடாது.

விடுதலைக்கு இந்தோனேசியா பணம் கொடுத்ததா?

கொடுத்தது. 1949 ஆகஸ்ட் 23 முதல் நவம்பர் 2 வரை ஹேக்கில் வட்டமேசை மாநாடு. காலனி அரசின் கடன் முழுவதும் புதிய நாட்டின் தலையில் என்றார்கள் டச்சுக்காரர்கள். அதில் இந்தோனேசியர்களை அடக்கச் செலவான தொகையும் இருந்தது. ஹட்டாவின் குழு கடுமையாக எதிர்த்தது. அமெரிக்கப் பிரதிநிதி காக்ரன் குறுக்கே வந்து ஒரு தொகைக்கு இரு தரப்பையும் இழுத்தார்: 430 கோடி கில்டர், அப்போதைய மதிப்பில் சுமார் 113 கோடி டாலர். மார்ஷல் திட்டத்தில் அமெரிக்காவிடமிருந்து நெதர்லாந்து மொத்தமாகப் பெற்ற உதவியும் ஏறக்குறைய இதே அளவு. போரில் நொந்த பணக்கார நாட்டுக்கு உதவி, அதைவிட நொந்த ஏழை நாட்டுக்குக் கடன்.

இந்த அநியாயத்தைப் பற்றி நம் பாடநூல்களில் ஒரு வரி கூட நான் பார்த்ததில்லை. 1956இல் இந்தோனேசியா அந்த ஒப்பந்தங்களை ரத்து செய்தது.

டச்சுக்காரர்களோடு நின்றவர்களுக்கு என்ன ஆயிற்று?

டச்சுக் காலனிப் படையில் மலுக்கு தீவுகளிலிருந்து வந்த கிறிஸ்தவச் சிப்பாய்கள் நிறைய. 1950 ஏப்ரலில் அம்போனில் தனிநாடு அறிவிக்கப்பட்டது, ஜகார்த்தா அதைப் படை அனுப்பி அடக்கியது. ஜாவாவில் இருந்த மலுக்குச் சிப்பாய்களை என்ன செய்வதென்று தெரியாமல், 1951இல் குடும்பத்தோடு சுமார் 12,500 பேரை நெதர்லாந்துக்குக் கப்பலேற்றினார்கள். கொஞ்ச நாளைக்குத்தான் என்றார்கள். கரையிறங்கியதும் படையிலிருந்து நீக்கிவிட்டார்கள். நாஜிகள் யூதர்களை அடைத்து வைத்திருந்த வெஸ்டர்போர்க் முகாமிலும் அவர்களைக் குடிவைத்தார்கள். 1970களில் அவர்களின் பிள்ளைகள் ரயில்களைக் கடத்தினார்கள், உயிர்கள் போயின. தலைமுறைகள் விசுவாசமாய் இருந்தவர்களுக்குக் கிடைத்த பதில் அது. இவர்கள் தவிர, கலப்புக் குடும்பங்கள் உட்பட சுமார் மூன்று லட்சம் பேர் அடுத்தடுத்த ஆண்டுகளில் நெதர்லாந்துக்குப் போய்ச் சேர்ந்தார்கள்.

அங்கே தமிழர்கள் இருந்தார்களா?

இருந்தார்கள், இருக்கிறார்கள். வடக்குச் சுமத்ராவின் டெலி புகையிலைத் தோட்டங்களுக்கு 19ஆம் நூற்றாண்டில் போனவர்களின் வழிவந்தோர் மேடான் நகரில் உண்டு. அவர்கள் கட்டிய மாரியம்மன் கோயில் இருக்கும் பகுதிக்கு இன்றைய பெயர் கம்போங் மெட்ராஸ்.

நெதர்லாந்து மன்னிப்புக் கேட்டதா?

மிகத் தாமதமாக. 1969இல் ஒரு முன்னாள் சிப்பாய் தொலைக்காட்சியில், நாங்கள் போர்க்குற்றம் செய்தோம் என்றார். கொலை மிரட்டல்கள் வந்து அவர் ஒளிந்து வாழ வேண்டியதாயிற்று. அரசு அவசரமாக ஒரு விசாரணை நடத்தி, சில அத்துமீறல்கள் நடந்தன, படை மொத்தத்தில் ஒழுங்காகவே நடந்தது என்று முடித்தது.

ராவகெடே கிராமத்து விதவைகள் அதை விடவில்லை. 1947 டிசம்பர் 9 அன்று மேற்கு ஜாவாவின் அந்தக் கிராமத்தில் டச்சுச் சிப்பாய்கள் ஆண்களை வரிசையில் நிறுத்திச் சுட்டார்கள். ஊர்க்கணக்கில் 431 பேர். அறுபது வருடம் கழித்து மூதாட்டிகளான விதவைகள் ஹேக் நீதிமன்றத்தில் வழக்குப் போட்டார்கள். காலம் கடந்துவிட்டது என்று அரசு வாதாடியது, நீதிமன்றம் 2011 செப்டம்பரில் அதைத் தள்ளியது. ஆளுக்கு 20,000 யூரோ இழப்பீடு. டச்சுத் தூதர் கிராமத்துக்கே போய் மன்னிப்புக் கேட்டார்.

2020இல் மன்னர் வில்லெம் அலெக்ஸாண்டர் டச்சுத் தரப்பின் மிதமிஞ்சிய வன்முறைக்கு வருத்தம் தெரிவித்து மன்னிப்பும் கேட்டார். 2022 பிப்ரவரியில் மூன்று டச்சு ஆய்வு நிறுவனங்கள் சேர்ந்து வெளியிட்ட முடிவு 1969இன் அறிக்கையைத் தலைகீழாக்கியது: மிதமிஞ்சிய வன்முறை பரவலாக, அமைப்பு ரீதியாகவே நடந்தது, அரசுக்கும் தெரிந்திருந்தது. அன்றே பிரதமர் ரூட்டே மன்னிப்புக் கேட்டார். 2023 ஜூனில், 1945 ஆகஸ்ட் 17ஐ முழுமையாக ஏற்பதாக நாடாளுமன்றத்தில் சொன்னார். 78 ஆண்டுகள் ஆயின.

மற்ற ஐரோப்பிய நாடுகள் இதைப் பார்த்துத் திருந்தினவா?

இல்லை. பிரான்ஸ் வியட்நாமில் 1954 வரை சண்டையிட்டது, தோற்ற அதே ஆண்டில் அல்ஜீரியாவில் அடுத்த போர் தொடங்கி 1962 வரை ஓடியது. போர்ச்சுகல் அங்கோலா, மொசாம்பிக்கில் 1974இல் லிஸ்பனிலேயே ஆட்சி கவிழும் வரை விடவில்லை.

அந்தத் தீவுகளில் பேரரசு முழுதாக முடிந்துவிட்டதா?

மேற்குப் பாப்புவாவை டச்சுக்காரர்கள் 1949இல் கொடுக்கவில்லை. பேச்சு முறிந்து, 1957இல் இந்தோனேசியா டச்சுக் கம்பெனிகளை எடுத்துக்கொண்டது. 1962இல் நியூயார்க் ஒப்பந்தம், 1963 மே மாதம் பகுதி ஜகார்த்தாவின் கைக்கு வந்தது. மக்களின் விருப்பத்தைக் கேட்க வேண்டும் என்பது ஒப்பந்தம். 1969இல் ராணுவத்தின் கண்காணிப்பில், பொறுக்கியெடுத்த ஆயிரத்துச் சொச்சம் பேரைக் கூட்டி, ஒருமனதாக இந்தோனேசியாவோடு இருக்கிறோம் என்று சொல்ல வைத்தார்கள். நாலு வருடம் ரத்தம் சிந்தித் தன் விருப்பத்தை உலகத்துக்குச் சொன்ன நாடு இன்னொரு மக்களுக்கு இதைச் செய்தது எனக்கு ஆறாத வருத்தம்.

போர்ச்சுகல் விட்டுப்போன கிழக்குத் திமோரிலும் 1975 டிசம்பரில் இந்தோனேசியப் படை நுழைந்தது. அங்கே 1999இல் ஐ.நா. நடத்திய வாக்கெடுப்பில் நூற்றுக்கு 78 பேர் பிரிந்துபோக வாக்களித்தார்கள், 2002இல் தனிநாடு ஆனது. அதேபோல ஒரு வாக்கெடுப்பு வேண்டும் என்று பாப்புவாவில் இன்றும் கேட்கிறார்கள். ஜகார்த்தா மறுக்கிறது.